பீட்டர் சான்ரெடாம்: யார்கிட்ட படிச்சார், எப்படி அளந்து வரைஞ்சார்? பேரூர் மண்டபத்துக்கு அந்த முறை ஒத்து வருமா?

நொய்யல்_கோடுகள்:

வணக்கமுங்க. பேரூர் பட்டீசுவரர் கோயிலில் ஒரு தூண் வரிசையைப் பலகை மேல எண்ணெய்ச் சாயத்தில் வரையணும். சிலைகளை ஒவ்வொண்ணா எடுத்து வரையற வேலை இல்லை. தூண், உத்தரம், தளக்கல், வாசல் வழியா உள்ள வர்ற வெளிச்சம், அவ்வளவுதான். இந்த மாதிரி வேலைக்கு 17ஆம் நூற்றாண்டு டச்சு ஓவியர் பீட்டர் சான்ரெடாமைப் பாருங்கன்னு பழைய இழை ஒண்ணில் பேசியிருக்காங்க. தேவாலயத்து உள்புறம் மட்டுமே வாழ்நாள் பூரா வரைஞ்சவராமே? ரெம்பிராண்ட், வெர்மீர் பத்தி தமிழில் வேணுங்கற அளவு கிடைக்குது, இவரைப் பத்தி ரெண்டு வரிக்கு மேல இல்லைங்க.

கேட்க நினைக்கிறது இதுதான். இவருக்கு இந்தக் கட்டடக் கணக்கெல்லாம் யார் சொல்லிக் கொடுத்தது? இடத்தில் உட்கார்ந்து வரைஞ்சாரா, வீட்டுக்கு வந்து வரைஞ்சாரா? கோயிலுக்குள்ள செல்போன் எடுக்க விடமாட்டாங்க, அதனால போட்டோ கிடையாது. கையளவை மட்டும் வெச்சு அவர் முறையில் செய்ய முடியுமா? பலகைக்கு என்ன பூசறதுன்னும் சொல்லுங்க.

வெண்சுவர்:

முதல்ல ஒரு திருத்தமுங்க. உள்புறம் மட்டும்னு சொல்ல முடியாது. ஆம்ஸ்டர்டாம் பழைய நகர மன்றம், உட்ரெக்ட் மரியா தேவாலயத்தின் வெளிமுகப்புன்னு வெளிப்படங்களும் இருக்குது. ஆனா பேர் நிலைச்சது உள்புறங்களால்தான்.

பிறந்தது 1597 ஜூன் 9, அசென்டெல்ஃப்ட் கிராமம். அப்பா யான் சான்ரெடாம் செப்புத் தகட்டில் செதுக்கி அச்செடுக்கிறவர். ஹென்ட்ரிக் கோல்ட்சியஸ் வரைஞ்சதைத் தகட்டில் ஏத்தினதில் பேர் வாங்கின கை. 1607ல் அவர் இறந்தப்போ பையனுக்குப் பத்து வயசுகூட முடியலை. அப்புறம்தான் குடும்பம் ஹார்லெமுக்கு வருது. அதனால "அப்பாவிடம் தொழில் கற்றார்"னு எங்காவது படிச்சா அப்படியே எடுத்துக்க வேண்டாம்.

1612ல் ஹார்லெமில் ஃபிரான்ஸ் டி கிரெப்பரோட பட்டறையில் சேர்ந்தார். 1622 வரைக்கும் அங்கேயே இருந்தார். பத்து வருஷம்ங்க, அந்தக் காலத்துக்கும் அது நீண்ட காலம்தான். 1623ல் ஹார்லெம் புனித லூக்கா சங்கத்தில் உறுப்பினர் ஆனார். அந்தச் சங்கத்தில் பதிஞ்சவர்தான் ஊருக்குள்ள சொந்தப் பேரில் தொழில் நடத்த முடியும்.

இங்கதான் கவனிக்கணும். டி கிரெப்பர் வரைஞ்சதெல்லாம் ஊர்க்காவல் படையினரின் கூட்டு உருவப்படம், விவிலியக் காட்சி. கட்டடத்துக்கும் அவருக்கும் சம்பந்தம் குறைவு. பட்டறையில் கிடைச்சது பொதுப் பயிற்சி: சாயம் அரைக்கிறது, பலகை தயார் பண்றது, அச்சுப் படத்தைப் பார்த்துப் பிரதி எடுக்கிறது, அப்புறம் சுதை உருவம், அப்புறம் ஆளை வெச்சு வரையறது. காட்சிக்கோணக் கணக்கு, அதாவது தள்ளிப் போகப் போகச் சின்னதா தெரியறதை அளவா வரையற கணக்கு, வந்த வழி வேற. அதே பட்டறையில் படிச்ச யாகோப் வான் காம்பன் பின்னாளில் பெரிய கட்டடக் கலைஞர் ஆனவர், ஆம்ஸ்டர்டாம் புது நகர மன்றம் அவர் வடிவமைப்பு. ஹார்லெமில் பீட்டர் வில்ஸ்னு ஒரு நில அளவையாளர், கணக்கு தெரிஞ்சவர். சாலமன் டி பிராய் ஓவியரும் கட்டடக் கலைஞரும். இவங்க நட்பு வட்டத்தில்தான் சான்ரெடாம் இருந்தார். கையில் தொழிலை டி கிரெப்பர் கொடுத்தார், அளவுகோலை இந்தக் கூட்டம் கொடுத்ததுன்னு வெச்சுக்கலாம். அந்தக் கூட்டம் இல்லைன்னா இவரும் ஹார்லெமில் இன்னொரு உருவப்படக்காரரா முடிஞ்சிருப்பார்ங்கறது என் கணிப்பு.

திருப்பம் 1628ல் வருது. சாமுவேல் ஆம்ப்சிங் ஹார்லெம் நகரத்தைப் பத்தி எழுதின நூலுக்குப் படம் வரைஞ்சு கொடுத்தார், அதில் ஒண்ணு புனித பாவோ பேராலயத்தின் உள்புறம். அதைத் தகட்டில் செதுக்கினது இளைய யான் வான் டி வெல்டி. அதே வருஷம்தான் தேவாலய உள்புறத்தை எண்ணெய்ச் சாயத்திலும் ஆரம்பிக்கிறார், வயசு அப்போ 31. வான் காம்பன் இவரைச் சுண்ணக்கட்டியில் வரைஞ்ச படமும் 1628தான், இப்போ பிரிட்டிஷ் அருங்காட்சியகத்தில் இருக்குது. முதுகு கூன் விழுந்தவர்ங்கறது அந்தப் படத்திலேயே தெரியும்.

ரோமுக்குப் போனதில்லை. மார்ட்டன் வான் ஹேம்ஸ்கெர்க் நூறு வருஷத்துக்கு முந்தி ரோமில் வரைஞ்ச தாள்கள் இவர் கைக்கு வந்திருந்தது. அதை வெச்சே ரோமக் கட்டடங்களையும் வரைஞ்சிருக்கார். 1629ல் வரைஞ்சது ஒண்ணு வாஷிங்டனில் இருக்குது. அதாவது இன்னொருத்தர் எடுத்த குறிப்பிலிருந்துகூட படம் கட்டத் தெரிஞ்ச ஆள். 1665ல் இறந்தார், அடக்கம் பண்ணினது புனித பாவோவில்.

தூக்குக்குண்டு:

வாழ்க்கையை வெண்சுவர் அண்ணன் சொல்லிட்டார், முறையை நான் சொல்றேனுங்க.

சான்ரெடாம் ஒரு படத்துக்கு மூணு தடவை வேலை செய்வார். இடத்தில் உட்கார்ந்து கைவாக்கில் ஒரு வரைவு, அதில் தேதி, ஊர், கட்டடத்தின் பேர், அளவுக் குறிப்பு. அப்புறம் வீட்டில் மட்டக்கோல் வெச்சு அளவுக் கணக்கோட ஒரு கட்டுமான வரைவு, ஓவியத்தின் அளவிலேயே. அதில் கண் புள்ளியை (பார்க்கிறவர் கண்ணுக்கு நேரா படத்தில் விழற புள்ளி) குறிச்சு, பார்க்கிறவர் எத்தனை அடி தள்ளி இருக்கார்னும் எழுதி வெச்சிருப்பார். மூணாவது அதைப் பலகைக்கு மாத்தி வண்ணம்.

இந்த மூணுக்கும் நடுவில் எவ்வளவு காலம்னு பாருங்க. உட்ரெக்ட் பூர் தேவாலயத்தை 1636ல் இடத்தில் வரைஞ்சார், லண்டன் தேசியக் காட்சியகத்தில் இருக்கிற ஓவியம் 1644. ஸ்ஹெர்டோகன்பாஸ் புனித யோவான் பேராலயம் 1632ல் வரைவு, 1646ல் ஓவியம். ஆம்ஸ்டர்டாம் பழைய நகர மன்றத்தை 1641ல் வரைஞ்சார், 1652ல் அது எரிஞ்சே போச்சு, 1657ல் ஓவியம் முடிச்சார். நகராட்சி 400 கில்டருக்கு வாங்கிச்சு. 16 வருஷம் கழிச்சு, இல்லாத கட்டடத்தை வரைய முடிஞ்சதுன்னா தாளில் அளவு இருந்ததுதான் காரணம். உங்களுக்கு வேண்டியதும் அதேதான். போட்டோ இல்லைங்கறது குறையே இல்லைங்க.

கோயில் அலுவலகத்தில் செயல் அலுவலர்கிட்ட எழுத்தில் அனுமதி வாங்கிக்கோங்க. டேப்பை விரிச்சா காவலர் கேட்கத்தான் செய்வார். மத்தியானம் நடை சாத்தறதுக்கு முந்தின ஒரு மணி நேரம் கூட்டம் குறைவா இருக்கும். விசேஷ நாள், பிரதோஷம் வேண்டாம்.

எடுக்க வேண்டிய அளவு: உட்கார்ந்த நிலையில் தரையிலிருந்து கண் எத்தனை அடி. கண்ணிலிருந்து முதல் ஜோடித் தூணின் முன்முகம் எத்தனை அடி. ரெண்டு வரிசைக்கும் நடு அகலம். தூணின் அகலம். அப்புறம் ஒவ்வொரு தூண் இடைவெளியும் தனித்தனியா. ஒரு இடைவெளியை அளந்து பெருக்கிடாதீங்க, பழைய கல் மண்டபத்தில் நாலு விரல், ஆறு விரல் வித்தியாசம் சகஜம். தளக்கல்லை எண்ணி அளவு சொல்றதும் கூடாது, கல்லுக்குக் கல் அகலம் மாறும். தண்ணி ஓடறதுக்குத் தரையில் வாட்டம் விட்டிருந்தாலும் இருக்கும், சந்தேகமிருந்தா ரசமட்டம் வெச்சுப் பாருங்க. உத்தரத்து உயரத்துக்கு ஏணி வேண்டாம். அஞ்சடிக் குச்சியைத் தூண் மேல சாய்க்காம நேரா நிறுத்தி, தள்ளி நின்னு பென்சிலை நீட்டிப் பிடிச்சு குச்சி எத்தனை பங்குன்னு எண்ணினா போதும்.

இனி கணக்கு. சுலபமா இருக்கட்டும்னு அளவை நானே வெச்சுக்கறேன், பேரூர் அளவு இல்லை. நடு அகலம் 12 அடி, தூண் உயரம் 12 அடி, இடைவெளி 8 அடி, கண் உயரம் 4 அடி, முதல் தூண் வரைக்கும் தூரம் 16 அடி. ஒரு அடிக்கு 2 செ.மீ.

தாளில் 24 செ.மீ. அடிக்கோடு போடுங்க. அதுக்கு 8 செ.மீ. மேல கண்மட்டக் கோடு. அதில் நீங்க உட்கார்ந்திருக்கிற நேருக்கு ஒரு கண் புள்ளி. அடிக்கோட்டின் ரெண்டு முனையும்தான் முதல் ஜோடித் தூணின் அடி. ரெண்டையும் கண் புள்ளியோட சேர்த்தா வரிசை ஓடற கோடு கிடைச்சிடும். அடுத்த தூண் அந்தக் கோட்டில் எங்கே நிக்கும்ங்கறதுக்கு தூரப்புள்ளி வேணும். கண் புள்ளியிலிருந்து கண்மட்டத்திலேயே வலப்பக்கம் 32 செ.மீ., அதாவது 16 அடி. இப்போ அடிக்கோட்டை இடப்பக்கம் நீட்டி, இடது தூண் அடியிலிருந்து 16 செ.மீ. குறிங்க, அது 8 அடி. அந்தக் குறியைத் தூரப்புள்ளியோட சேர்த்தா ஓடற கோட்டை எங்கே வெட்டுதோ அங்கதான் ரெண்டாவது தூண். மூணாவதுக்கு 32 செ.மீ. குறி, நாலாவதுக்கு 48.

சரிபார்க்க ஒரு வாய்ப்பாடு இருக்குது. தூரத்தை, தூரமும் ஆழமும் கூட்டினதால் வகுங்க. முதல் தூண் 24 செ.மீ. உயரம்னா ரெண்டாவது, 16ஐ 24ஆல் வகுத்தா மூணில் ரெண்டு பங்கு, 16 செ.மீ. மூணாவது பாதி, 12. நாலாவது அஞ்சில் ரெண்டு, 9.6. அஞ்சாவது மூணில் ஒண்ணு, 8. கோடு போட்டு வந்ததும் இந்த எண்ணும் ஒரு மி.மீ.க்கு மேல வித்தியாசப்பட்டா எங்கேயோ கோல் நகர்ந்திருக்குது.

தாள் சின்னதா இருந்தா தூரப்புள்ளி வெளியே போயிடும். அப்போ நாலில் ஒரு பங்கா குறைச்சுக்கலாம்: தூரப்புள்ளி 8 செ.மீ.யில், அடிக்கோட்டுக் குறியும் 4, 8, 12ன்னு. ரெண்டையும் ஒரே விகிதத்தில் குறைக்கணும். ஒண்ணை மட்டும் குறைச்சா மண்டபம் குட்டையாகும், இல்லைன்னா ரயில் சுரங்கம் மாதிரி நீளும். அடிக்கடி நடக்கிற தப்பு இதுதான்.

கிட்ட உட்கார்ந்தா என்ன ஆகும்? அதே 12 அடி அகலத்தை 6 அடி தூரத்திலிருந்து வரைஞ்சா ரெண்டு பக்கமும் 45 பாகை. ஓரத்தில் இருக்கிற உருண்டைத் தூண் நடுவில் இருக்கிறதைவிட ஏறக்குறைய 1.4 மடங்கு பருமனா விழும். கணக்கு சரி, ஆனா கண்ணுக்கு ஒப்பாது. சதுரத் தூணாயிருந்தா முன்முகம் பெருக்காது, பக்க முகம்தான் அதிகமா தெரியும். சான்ரெடாம் கிட்ட நின்னு பார்த்த பார்வையைத் துணிஞ்சு எடுத்துக்கிட்டார். நீங்க முதல் படத்துக்கு, வரையற அகலத்தைவிடக் கொஞ்சம் கூடவே தள்ளி உட்காருங்க.

நொய்யல்_கோடுகள்:

ரொம்ப நன்றிங்கண்ணா, நாலில் ஒரு பங்குக் கணக்கு புரிஞ்சுது. ஒண்ணு மட்டும். இவ்வளவு துல்லியமா இருந்தவர் எதையும் மாத்தவே மாட்டாரா? முன்னாடி உண்டியல், இரும்புக் கம்பித் தடுப்பு, குழல்விளக்கு எல்லாம் இருக்குது. அதையும் போடணுமான்னு தெரியலை. பலகை விஷயமும் யாராவது சொல்லுங்க.

வெண்சுவர்:

மாத்துவார்ங்க, தாராளமா. ஸ்ஹெர்டோகன்பாஸ் பேராலயத்தில் பலிபீடத்து ஓவியத்தை 1629ல் ஊர் கைமாறினப்போ எடுத்துட்டுப் போயிட்டாங்க. 1632ல் இவர் அங்கே உட்கார்ந்து வரைஞ்சப்போ அது இல்லை. 1646 ஓவியத்தில் அந்த இடத்தில் ஆபிரகாம் புளூமார்ட்டின் ஓவியம் ஒண்ணை வெச்சுட்டார். தூண்களை நிஜத்தைவிட ஒல்லியா, உயரமா இழுத்ததும் உண்டு. எதிர்ப்பக்கமும் சொல்லணும்: பூர் தேவாலய ஓவியத்தில் சுவரில் கிறுக்கிட்டிருக்கிற பையனையும் அவன் கிறுக்கலையும் விடாம போட்டிருக்கார். எலும்புக்கூடு அளந்தது, மேல என்ன வைக்கிறதுங்கறது ஓவியர் முடிவு. குழல்விளக்கை விடுங்க, உண்டியலை வைங்கன்னு சொல்லுவேன். அளவு தெரிஞ்ச ஒரு பொருள் முன்னால இருந்தா தூண் உயரம் தானா விளங்கும். அதுக்குத்தான் அவர் குட்டிக் குட்டியா ஆட்களை நிறுத்தினார்.

வெளிச்சத்தில் மட்டும் அவரைப் பின்பற்ற முடியாது. ஹார்லெம் 1578க்கு அப்புறம் சீர்திருத்தக் கிறிஸ்தவம் ஆனதால உள்ளே படம், சிலை எடுத்து வெள்ளையடிச்ச சுவர். பெரிய கண்ணாடிச் சன்னல். அவர் வேலை முழுக்க வெள்ளைக்கும் வெள்ளைக்கும் நடுவில் இருக்கிற மஞ்சள், சாம்பல், இளஞ்சிவப்பு. பேரூரில் எண்ணெயும் புகையும் ஏறின கருங்கல். அங்கே கருப்புக்கும் கருப்புக்கும் நடுவில் வித்தியாசம் காட்டணும். வெள்ளையிலிருந்து கருப்பு வரைக்கும் ஏழு கட்டம் ஒரு அட்டையில் கலந்து எடுத்துட்டுப் போய் இடத்திலேயே ஒவ்வொரு முகத்துக்கும் எண் எழுதிட்டு வாங்க. தூணின் மூணு முகத்துக்கும் ஒரே எண் விழுந்தா படம் தட்டையாயிடும்.

பவானி_சாயம்:

பலகை. அவர் பயன்படுத்தினது ஓக் மரம், மேல சாக் பவுடரும் பசையும் கலந்து பூசின வெள்ளைத் தளம். நமக்கு 12 மி.மீ. நீர்தாங்கும் பிளைவுட் போதும், 2 அடிக்கு மேல போனா பின்னால சட்டம் அடிக்கணும். முன்பக்கம் எத்தனை பூச்சோ பின்பக்கமும் அத்தனை பூச்சு, ஓரத்தையும் அடைங்க. ஒரு பக்கம் மட்டும் பூசினா மறுபக்கம் காத்தில் ஈரம் குடிச்சுப் பலகை வளையும். சித்திரை வெயிலில் காய்ஞ்சது ஐப்பசி மழையில் திரும்பும்போதுதான் தெரியும்.

தளத்துக்குக் கடையில் கிடைக்கிற அக்ரிலிக் ஜெஸ்ஸோ மூணு கை அடிச்சா வேலை முடிஞ்சுது. பழைய முறைதான் வேணும்னா தச்சர்கள் வாங்கற வஜ்ஜிரம் 70 கிராம், ஒரு லிட்டர் தண்ணியில் ராத்திரி பூரா ஊறணும். காலையில் வெந்நீர்ப் பாத்திரத்துக்குள்ள இன்னொரு பாத்திரம் வெச்சு கரைங்க. கொதிக்க விட்டா பசை வலு போயிடும். முதல்ல வெறும் பசை ஒரு கை. காய்ஞ்சதும் மிச்சப் பசையில் சாக் பவுடரைத் தூவித் தூவி, கிளறாம தானா மூழ்க விட்டு, மோர்ப் பதத்துக்குக் கொண்டு வாங்க. வேகமா கலக்கினா காத்துக் குமிழி உள்ள போய், காய்ஞ்சப்புறம் ஊசித் துளையா நிக்கும். நாலஞ்சு கை, ஒண்ணுக்கொண்ணு குறுக்கா. கடைசியில் நைஸ் உப்புத்தாள்.

சாக் பவுடர்னு கேட்டு வாங்குங்க. சுண்ணாம்பு ஆகாது. அது காரம், மேல வர்ற ஆளி விதை எண்ணெயைக் கெடுத்துச் சோப்பாக்கிடும். பிளாஸ்டர் ஆஃப் பாரிஸும் வேண்டாம், கிண்ணத்திலேயே இறுகிடும். பசை கூடினா தளம் வெடிக்கும், குறைஞ்சா விரலில் பொடி ஒட்டும், சாயத்து எண்ணெயைக் குடிச்சு வண்ணம் மங்கும். விரலை ஈரமாக்கித் தடவினா லேசா வழுக்கணும், கரைஞ்சு வரக்கூடாது. மிஞ்சின பசை மழைக்காலத்தில் ரெண்டே நாளில் பூஞ்சணம் பிடிக்கும், தேவைக்கு மட்டும் கரைங்க.

மாத்தற விதம் அவர் செஞ்சதேதான்: கட்டுமான வரைவின் பின்பக்கம் கருப்பு தேய்ச்சு, பலகை மேல ஒட்டி, முன்பக்கக் கோட்டு மேல கூர்மழுங்கின ஊசியால் அழுத்தறது. நீங்க 4பி பென்சிலைத் தேய்ச்சுப் பஞ்சால் துடைச்சுட்டு மாத்துங்க. துடைக்கலைன்னா கை பட்ட இடமெல்லாம் கரி. ஆபீஸ் கார்பன் தாள் வேண்டவே வேண்டாம், அந்த நீலம் எண்ணெயில் கரைஞ்சு மேல கசியும். தாள் நகராம நாலு மூலையும் டேப் ஒட்டி, கண் புள்ளியை முதல்ல குத்திக்கோங்க. கோடு மாத்தினப்புறம் தண்ணி கலந்த இந்தியன் இங்கில் ஒரு தடவை ஓட்டிட்டா அழியாது.

அவர் ஓவியத்தில் மெல்லிய சாயத்துக்கு அடியில் அந்தக் கோடு இன்னைக்கும் தெரியும். ரைக்ஸ் அருங்காட்சியகத்து இணையதளத்தில் இருக்கிற 1649 அசென்டெல்ஃப்ட் தேவாலயப் படத்தைப் பெருசாக்கிப் பாருங்க. முன்னால தரையில் இருக்கிற கல் அவர் அப்பாவோட சமாதிக் கல். இடத்தில் வரைஞ்ச தாள்களைப் பார்க்கணும்னா உட்ரெக்ட் ஆவணக் காப்பகத்தில் நிறைய இருக்குது.

சாயத்துக்கு ஈய வெள்ளை வேண்டாம், விஷம், டைட்டானியம் வெள்ளை போதும். கருங்கல்லுக்கு ஐவரி கருப்பும் பர்ன்ட் அம்பரும் கலந்து அடி வண்ணம், டர்பன்டைனில் மெல்லிசா. எண்ணெய் கூடின பூச்சு எப்பவும் மேலதான் வரணும். கீழ எண்ணெய் அதிகமா இருந்தா மேல்பூச்சு முன்னாடியே காய்ஞ்சு வெடிக்கும். கருப்பு மெதுவாத்தான் காயும், அடி வண்ணத்துக்கு ஒரு வாரம் விடுங்க.

தூக்குக்குண்டு:

பவானி அக்கா சொன்னதில் ஒண்ணு சேர்த்துக்கோங்க. கட்டுமான வரைவை டிரேசிங் தாளில் போடாதீங்க, ஈரத்தில் அது சுருங்கி விரியும். அப்படி ஆனா தூண்களோட இடம் பிசகிடும். கெட்டியான கார்ட்ரிட்ஜ் தாள் எடுங்க. வரைஞ்ச தேதியும், உட்கார்ந்த இடமும், கண் உயரமும் தாளின் ஓரத்திலேயே எழுதிடுங்க. அடுத்த தடவை போகும்போது அதே கல் மேல உட்காரலைன்னா எடுத்த அளவு எதுவும் ஒட்டாது.